ஆர்பிட்ரேஷனுக்குச் சம்மதம் கொடுப்பதற்கு முன்

வணிக நீதிமன்றத்தில் வழக்கு ஓடிக்கொண்டிருக்கிறது. ஒப்பந்தத்தில் ஆர்பிட்ரேஷன் (நீதிமன்றத்துக்கு வெளியே நடுவர் விசாரித்துத் தீர்ப்பு சொல்லும் முறை) ஷரத்தே கிடையாது. ஆனாலும் இரு தரப்புக்கும் விருப்பம் இருந்தால், சிவில் நடைமுறைச் சட்டத்தின் 89ஆம் பிரிவின்படி வழக்கை நடுவரிடம் அனுப்பலாம். விருப்பம் இல்லாத தரப்பை நீதிமன்றம் தள்ளிவிட முடியாது. கொச்சியில் பாலம், சாலை வேலை தொடர்பான ஆஃப்கான்ஸ் வழக்கில் 2010இல் உச்ச நீதிமன்றம் இதைத் தெளிவாகச் சொல்லிவிட்டது.

சரி, சம்மதம் என்றால் எது? "ஜட்ஜ் கேட்டார், வக்கீல் தலையாட்டினார்" என்பது சம்மதம் ஆகாது. கேரள மின்வாரியத்தின் வழக்கு ஒன்றில் வக்கீல்கள் வாய்மொழியாக ஒப்புக்கொண்டதை வைத்தே உயர் நீதிமன்றம் நடுவரை நியமித்தது. நடுவர் விசாரித்துத் தீர்ப்பும் கொடுத்தார். கட்சிக்காரர் எழுத்தில் தந்த சம்மதம் இல்லையென்று 2018இல் உச்ச நீதிமன்றம் அத்தனையையும் ரத்து செய்தது. ஆண்டுக்கணக்கான உழைப்பு, ஒரு கையெழுத்து இல்லாததால் போனது. ஆகவே இரு தரப்பும் சேர்ந்து நீதிமன்றத்தில் எழுதிக் கொடுக்கும் கூட்டு மெமோவில் கட்சிக்காரர்களே கையெழுத்திடட்டும்.

யார் கையெழுத்து என்பதிலும் சிக்கல் உண்டு. கூட்டு நிறுவனத்தில் (பார்ட்னர்ஷிப்) ஒரு பங்குதாரர் போட்டால் போதும் என்று நினைப்பார்கள். 1932ஆம் ஆண்டுப் பங்குதாரர் சட்டத்தின் 19ஆம் பிரிவைப் பாருங்கள்: வேறு ஏற்பாடோ வழக்கமோ இல்லாவிட்டால், தொழில் தகராறை ஆர்பிட்ரேஷனுக்கு அனுப்பும் அதிகாரம் ஒரு பங்குதாரருக்குத் தானாக வராது. கம்பெனி என்றால் இயக்குநர் குழுவின் தீர்மானத்தைக் கேட்டு வாங்குங்கள்.

எனக்குத் தெரிந்து ஆபத்தான குழப்பம் வேறொன்று. சமரச மையத்துக்குப் போவதையும் இதையும் ஒன்றாக நினைப்பது. சமரசம் பலிக்காவிட்டால் வழக்கு அதே நீதிமன்றத்துக்குத் திரும்பும். நடுவரிடம் போனது திரும்பாது. அவர் தருவது உங்களைக் கட்டுப்படுத்தும் தீர்ப்பு. ஆர்பிட்ரேஷன் சட்டத்தின் 34ஆம் பிரிவில் அதை எதிர்க்கலாம்தான். ஆனால் சாட்சியத்தைத் தவறாக எடைபோட்டார் என்ற காரணம் மட்டும் அங்கே எடுபடாது. "போய்த்தான் பார்ப்போமே" என்பவர்களுக்கு இது ஏற்ற வழியல்ல.

அப்புறம் மெமோவின் வாசகம். "தகராறை நடுவரிடம் விடுகிறோம்" என்று ஒற்றை வரியில் முடித்தால் பிற்பாடு ஒவ்வொன்றுக்கும் சண்டை வரும். பிரதிவாதியின் எதிர்க்கோரிக்கையும் சேர்ந்து போகிறதா? நடுவர் ஒருவரா, மூவரா? இரட்டைப்படை எண்ணிக்கையைச் சட்டம் ஏற்காது. எந்த ஊர் இருக்கை, அதாவது ஆர்பிட்ரேஷனுக்குச் சட்டப்படியான இடம்? பிறகு எந்த நீதிமன்றத்துக்கு ஓடவேண்டும் என்பது பெரும்பாலும் அதைப் பொறுத்தது.

ஏற்கெனவே தடை உத்தரவு வாங்கியிருப்பவர் அதை மறந்தே போகிறார். நடுவர் முன் ஆர்பிட்ரேஷன் சட்டத்தின் 17ஆம் பிரிவில் மனு போட்டு உத்தரவு வரும்வரை அது நீடிக்கும் என்று மெமோவிலும் நீதிமன்ற உத்தரவிலும் எழுத வையுங்கள்.

கடைசியாகப் பணம். அனுப்பும் உத்தரவில் 89ஆம் பிரிவு குறிப்பிடப்பட்டிருக்கிறதா என்று அன்றைக்கே பாருங்கள். தமிழ்நாட்டில் நீதிமன்றக் கட்டணச் சட்டத்தின் 69ஏ பிரிவில் வாதி கட்டிய கட்டணம் முழுவதையும் திரும்பக் கேட்க அதுதான் ஆதாரம்.