சுனிபாலா தேவிக்காக ‘பதேர் பாஞ்சாலி’ பார்ப்பது எப்படி

‘பதேர் பாஞ்சாலி’ என்ற வங்காளப் படம் என்றதும் எல்லோரும் இயக்குநர் சத்யஜித் ராயைச் சொல்வார்கள், ரயில் காட்சியைச் சொல்வார்கள். எனக்கு அது இந்திர் டாக்ருண் கிழவியாக நடித்த சுனிபாலா தேவியின் படம். பழைய நாடக நடிகை. ராய் தேடிப்போனபோது அவருக்கு வயது 80-ஐ ஒட்டி இருந்தது. சம்பளம் நாளுக்கு 20 ரூபாய். என் அப்பத்தாவும் இப்படித்தான் தரையில் குந்தி, அவசரமே இல்லாமல் சோறு பிசைவார். அதனாலோ என்னவோ, இந்த அம்மாவை விட்டு என் கண் நகர்வதில்லை. அவருக்காகவே ஒரு தடவை இந்தப் படத்தைப் பாருங்கள். நான் பார்க்கும் விதத்தைச் சொல்கிறேன்.

முதலில் நல்ல பிரதி வேண்டும். 1993-ல் லண்டனில் ஒரு தீவிபத்தில் மூல நெகடிவ் எரிந்து சேதமானது. மிஞ்சியதை வைத்துச் சீரமைத்த பிரதி 2015-ல் வந்தது. அதையே தேடிப் பிடியுங்கள். மங்கிய பிரதியில் அவர் முகத்துச் சுருக்கங்கள் தெரியாது.

கதைக்காக ஒருமுறை பார்த்துவிடுங்கள். அப்புறம் சப்டைட்டிலை நிறுத்திவிட்டு, அவர் வரும் காட்சிகளை மட்டும் போடுங்கள். அவர் சாப்பிடும்போது அந்த வீட்டுச் சிறுமி துர்கா எதிரே உட்கார்ந்து பார்த்துக்கொண்டிருப்பாள். அங்கே அவர் விரல்களைக் கவனியுங்கள். கோபித்துக்கொண்டு வீட்டைவிட்டுக் கிளம்பும்போது மூட்டையும் பாயும் எந்தக் கையில் இருக்கின்றன என்று பாருங்கள். இதெல்லாம் தானாக அமைந்ததில்லை. 1952 அக்டோபரில் தொடங்கிய படப்பிடிப்பு, பணமில்லாமல் மாதக்கணக்கில் நின்று நின்று நடந்தது. போன ஷாட்டில் எந்தக் கை நனைந்திருந்தது, சால்வை இருந்ததா இல்லையா என்பதையெல்லாம் அவரே நினைவு வைத்துச் சொல்வாராம். துர்காவின் தம்பி அப்புவின் குரல் உடையவில்லை, துர்கா வளர்ந்துவிடவில்லை, இந்திர் டாக்ருண் இறந்துவிடவில்லை: இந்த மூன்று அதிசயங்களால்தான் படம் முடிந்தது என்று ராய் பிற்பாடு சொன்னார்.

பாட்டு வரும்போது மட்டும் கண்ணை மூடிக்கொள்ளுங்கள். இரவில் திண்ணையில் உட்கார்ந்து ‘ஹரி தின் தோ கேலோ’ என்று பாடுவார். பொழுது போயிற்று, அந்தி வந்தது, என்னை அக்கரை சேர்த்துவிடு என்று கேட்கும் பாட்டு. அது அவருடைய சொந்தக் குரல்தான். கரகரத்து, மூச்சு வாங்கி, ஆனாலும் சுருதி விலகாமல் போகும்.

கடைசியாக, அவர் திரும்பி வந்து தண்ணீர் கேட்கும் காட்சி. இதை இரண்டு தடவை பாருங்கள். துர்காவின் அம்மா சர்பஜயா எழுந்து வந்து தருவதில்லை. தானே எடுத்துக் குடித்துவிட்டு, மிச்சத்தை முற்றத்துச் செடிக்கு ஊற்றிவிட்டுப் போவார். விரட்டப்படும் வேளையிலும் செடியின் ஞாபகம்! ஒரு வார்த்தை பேசாமல் அவர் அதைச் செய்கிறார். எனக்கு அங்கேதான் தொண்டை அடைக்கும். அடுத்து மூங்கில் தோப்பில் துர்கா வந்து அவரைத் தொடும்வரை படத்தை நிறுத்தாதீர்கள்.

1955-ல் படம் கல்கத்தாவில் வெளியானபோது அவர் உயிரோடு இல்லை.