மாடித்தோட்டப் புழுக்களுக்கு பி.டி. தெளிப்பது எப்படி?

காலிஃபிளவர், முட்டைக்கோஸ், தக்காளி, அவரை என்று மாடியில் எதை வைத்தாலும் புழு வந்துவிடுகிறது. ரசாயன மருந்து வேண்டாம் என்று முடிவெடுத்த பிறகுதான் நம்மில் பலர் மாடித்தோட்டத்துக்கே வருகிறோம். அதனால் வேப்பெண்ணெய், இஞ்சி பூண்டு கரைசல் என்று ஒவ்வொன்றாகத் தெளித்துப் பார்த்துவிட்டு, கடைசியில் டார்ச் வெளிச்சத்தில் புழுவைக் கையால் பொறுக்கிக்கொண்டிருப்போம். என் காலிஃபிளவரில் புழுவை உண்மையிலேயே நிறுத்தியது பி.டி. என்று சுருக்கமாகச் சொல்லப்படும் பேசில்லஸ் துரிஞ்சியென்சிஸ். மண்ணில் இயல்பாக வாழும் ஒரு பாக்டீரியாவிலிருந்து தயாராகும் பூச்சிக்கொல்லி இது.

ஜப்பானில் பட்டுப்புழுக்கள் கூட்டமாகச் செத்துக்கொண்டிருந்தபோது, அதற்குக் காரணமான இந்தப் பாக்டீரியாவை 1901இல் இஷிவாடா என்ற அறிஞர் பிரித்தெடுத்தார். பத்து ஆண்டுகள் கழித்து ஜெர்மனியின் துரிஞ்சியா பகுதியில் மாவு அந்துப்பூச்சியின் புழுக்களில் எர்ன்ஸ்ட் பெர்லினர் இதையே கண்டார். இப்போது வழங்கும் பெயர் அவர் வைத்தது. 1938இல் பிரான்சில் இது முதல் முறையாக விற்பனைக்கு வந்தது.

செய்முறைக்குப் போகுமுன் இது எப்படி வேலை செய்கிறது என்பதை மட்டும் மனத்தில் வாங்கிக்கொள்ளுங்கள். கீழே வரும் ஒவ்வொரு படிக்கும் காரணம் இதில்தான் இருக்கிறது. இந்தப் பாக்டீரியா வித்தாக மாறும்போது, தனக்குள் ஒரு புரதப் படிகத்தையும் உருவாக்கிக்கொள்கிறது. புழு இலையோடு சேர்த்து அதைத் தின்றால், புழுவின் குடலில் உள்ள கடும் காரத்தன்மையில் படிகம் கரைகிறது. அங்குள்ள நொதிகள் அதை நஞ்சாக்குகின்றன. நஞ்சு குடல் சுவரில் ஒட்டித் துளையிடுகிறது. சில மணி நேரத்தில் புழு தின்பதை நிறுத்தும், இரண்டு முதல் ஐந்து நாட்களில் சாகும். நம் வயிறு அமிலத்தன்மை கொண்டது. அந்த நஞ்சு ஒட்டிக்கொள்ளும் இடமும் நம் குடலில் கிடையாது. ஆகவே புழுவைக் கொல்லும் இந்த நஞ்சு நம்மை ஒன்றும் செய்வதில்லை. புழுவின் மேல் வெறுமனே பட்டால் பயனில்லை, அது தின்ன வேண்டும்.

படி 1: வந்திருப்பது புழுதானா என்று பாருங்கள்

கடைகளில் கிடைக்கும் பி.டி. பெரும்பாலும் குர்ஸ்டாகி என்ற ரகம். அது அந்துப்பூச்சி, பட்டாம்பூச்சி இனங்களின் புழுக்களை மட்டுமே கொல்லும். அசுவினி, மாவுப்பூச்சி, வெள்ளை ஈ, இலைப்பேன், செஞ்சிலந்தி எதற்கும் கேட்காது. இலையில் பாம்புபோல வெள்ளைக் கோடு போட்டிருந்தால் உள்ளே இருப்பது ஈயின் குஞ்சு. அதற்கும் கேட்காது.

முட்டைக்கோஸ், காலிஃபிளவரில் முக்கிய எதிரி வைரமுதுகு அந்துப்பூச்சி. இலையின் அடியில் பச்சையாக, மெல்லியதாக இருக்கும் அதன் புழுவை விரலால் தொட்டுப் பாருங்கள். படபடவென்று துள்ளி, ஒரு நூலில் கீழே இறங்கித் தொங்கும். இளம் புழு இலையை அடியிலிருந்து சுரண்டித் தின்று மேல்தோலை மட்டும் விட்டுவைக்கும். வெளிச்சத்தில் பிடித்தால் அந்த இடம் கண்ணாடிச் சன்னல்போலத் தெரியும். இந்த அடையாளம் தெரிந்ததுமே தெளித்துவிட வேண்டும். இலையில் பெரிய ஓட்டைகள் விழுந்த பிறகு என்றால் காலம் கடந்துவிட்டது. வளர்ந்த புழுவை பி.டி. எளிதில் வீழ்த்தாது.

தக்காளிக் காய்ப்புழு, புரொடீனியா எனப்படும் புகையிலை வெட்டுப்புழு, முருங்கைக் கம்பளிப்பூச்சி ஆகியவற்றுக்கும் இளம் பருவத்திலேயே தெளிக்க வேண்டும். கத்தரியில் தண்டையும் காயையும் துளைக்கும் புழுவுக்கு இதை நான் பரிந்துரைக்க மாட்டேன். முட்டையிலிருந்து வெளிவந்த கொஞ்ச நேரத்திலேயே அது உள்ளே புகுந்துவிடுகிறது. வாடித் தொங்கும் நுனித்தண்டை வெட்டி அழிப்பதே மேல்.

படி 2: வாங்குவது

உரக்கடையில் "பேசில்லஸ் கொடுங்கள்" என்று மட்டும் கேட்டால் பல இடங்களில் பேசில்லஸ் சப்டிலிஸ் பொட்டலம்தான் கைக்கு வரும். அது பூஞ்சை நோய்களுக்கானது, புழுவுக்கு ஆகாது. பெயரை முழுதாகச் சொல்லுங்கள். லேபிளில் "துரிஞ்சியென்சிஸ்", "குர்ஸ்டாகி" இரண்டும் இருக்கின்றனவா என்று பார்த்துவிட்டே பணம் கொடுங்கள். காலாவதி தேதியையும் பாருங்கள்.

டைபெல், டெல்ஃபின், ஹால்ட் போன்ற பெயர்களில் கிடைக்கிறது. சிறு தோட்டத்துக்கு என் தேர்வு எப்போதும் தூள்தான். திரவத்தை விட எளிதாகச் சேமிக்கலாம், கொஞ்சமாக எடுக்கலாம். பெரிய பொட்டலம் மலிவு என்று வாங்கி வைக்காதீர்கள். தூளை ஈரமும் வெயிலும் படாத குளிர்ந்த இடத்தில் காற்றுப் புகாமல் வைக்க வேண்டும். மாடிக் கொட்டகை அதற்குச் சரியான இடமே இல்லை. ஏப்ரல், மே மாதங்களில் தகரக் கூரைக்குக் கீழே என்ன வெப்பம் இருக்கும் என்று உங்களுக்கே தெரியும்.

படி 3: கரைசல் தயாரிப்பது

நான் நெடுநாள் திண்டாடிய கட்டம் இது. அளவு என்னவோ எளிது. தமிழ்நாடு வேளாண்மைப் பல்கலைக்கழகம் முட்டைக்கோஸுக்குச் சொல்வது லிட்டருக்கு 2 கிராம். உங்கள் பொட்டலத்தில் வேறு அளவு இருந்தால் அதையே பின்பற்றுங்கள். சிக்கல் தண்ணீரிலும் சோப்பிலும் இருக்கிறது.

காலிஃபிளவர் இலையில் மெழுகுப் பூச்சு உண்டு. வெறும் கரைசலைத் தெளித்தால் முத்து முத்தாகத் திரண்டு, இலை நரம்பு வழியே ஓடித் தொட்டிக்குள் விழுந்துவிடும். இலையில் ஒன்றும் தங்காது. சரி, வேப்பெண்ணெய்க்குச் செய்வதுபோல காதி சோப்பைக் கரைத்துச் சேர்ப்போம் என்றுதான் யாருக்கும் தோன்றும். இங்கே அது கூடாது. சோப்பு காரத்தன்மை உடையது. படிகம் கரைய வேண்டியது புழுவின் குடலில். சோப்புத் தண்ணீரில் தெளிப்பானுக்குள்ளேயே அது சிதையத் தொடங்கினால், செடிக்குப் போவது வீரியம் இழந்த தூள்தான். தண்ணீரின் அமில, காரத் தன்மையைக் காட்டும் பி.எச். அளவு 8ஐத் தாண்டக்கூடாது. சுண்ணாம்பு சேர்ந்த பூஞ்சைக்கொல்லியான போர்டோ கலவையோடு கலக்கக் கூடாது என்பதற்கும் இதுவே காரணம்.

பல ஊர்களில் ஆழ்துளைக் கிணற்றுத் தண்ணீரே காரமாக இருக்கிறது. மீன் தொட்டி விற்கும் கடையில் பி.எச். தாள் கிடைக்கும், ஒரு முறை சோதித்துவிடுங்கள். அதிகமாக இருந்தால் பிடித்து வைத்த மழைத் தண்ணீரோ குடிநீரோ போதும், ஒரு லிட்டர்தானே தேவை. அதுவும் இல்லையென்றால் சில சொட்டு எலுமிச்சைச் சாறு விட்டு மறுபடி சோதியுங்கள்.

சோப்புக்குப் பதில் பூந்திக்கொட்டை. கடையில் விற்கும் ஒட்டு திரவமும் நன்றாகவே வேலை செய்கிறது, ஆனால் எனக்குப் பூந்திக்கொட்டைதான் பிடித்திருக்கிறது. இரண்டு மூன்று கொட்டைகளின் தோலை இரவு ஒரு டம்ளர் தண்ணீரில் ஊறவைத்து, காலையில் பிசைந்து வடிகட்டினால் நுரைத்து வரும். அது இலேசான அமிலத்தன்மை கொண்டது, ஆகவே பி.டி.க்குக் கெடுதல் செய்வதில்லை. லிட்டருக்கு ஒரு மேசைக்கரண்டி விட்டு, ஓர் இலையில் தெளித்துப் பாருங்கள். முத்து திரளாமல் மெல்லிய படலமாகப் பரவினால் அளவு சரி.

தூளை நேரடியாகத் தெளிப்பானில் கொட்டாதீர்கள். ஒரு கிண்ணத்தில் கொஞ்சம் தண்ணீர் விட்டுக் கட்டியில்லாமல் குழைத்து, பிறகு முழுத் தண்ணீரில் கரைத்து, பழைய வேட்டித் துணியில் வடிகட்டுங்கள். இல்லையென்றால் முனை அடைத்துக்கொள்ளும். கலக்கியதை அன்றே தீர்த்துவிட வேண்டும். மிச்சத்தை நாளைக்கு என்று வைக்காதீர்கள்.

படி 4: தெளிப்பது

மாலையில் தெளியுங்கள், வெயில் இறங்கிய பிறகு. சூரிய ஒளியின் புறஊதாக் கதிர்கள் பி.டி.யை வேகமாகச் சிதைக்கின்றன. இலையின் மேல் அதன் வீரியம் சில நாட்கள்தான் நிற்கும். மாலையில் தெளித்தால் புழு இரவு முழுக்கத் தின்ன நேரம் கிடைக்கிறது. மழை வரும்போல இருந்தால் தள்ளிப்போடுங்கள்.

கையால் அழுத்தும் சிறு பாட்டில் தெளிப்பானை நான் விரும்புவதில்லை. இலையின் அடிப்பக்கத்தை அதனால் நனைக்க முடியாது, கையும் கடுக்கும். காற்றழுத்தம் ஏற்றும் இரண்டு லிட்டர் தெளிப்பான் வாங்குங்கள். முனையை மேல்நோக்கித் திருப்பி, செடியின் அடியிலிருந்து தொடங்கி மேலே வாருங்கள். பூ கட்டத் தொடங்கும் நடுக்குருத்தை மறக்கக் கூடாது, புழு நுழைந்தால் பிறகு எட்டாது. தூள் அடியில் படியும் என்பதால் இடையிடையே குலுக்குங்கள்.

முகக்கவசம், கையுறை அணியுங்கள். நஞ்சு குறைவு என்றாலும் தூள் கண்ணில் பட்டால் எரியும். காய்களைக் கழுவிவிட்டுச் சமையுங்கள்.

வேப்பெண்ணெயை அதே வாரத்தில் தெளிக்கலாமா என்றால், ஒரே மாலையில் இரண்டையும் நான் தெளிப்பதில்லை. வேம்பு புழுவைத் தின்னவிடாமல் தடுக்கும், பி.டி.க்கோ புழு தின்றாக வேண்டும். நாலைந்து நாள் இடைவெளி விட்டுவிடுகிறேன்.

படி 5: வேலை செய்கிறதா என்று அறிவது

மறுநாள் காலை போய்ப் பார்த்தால் புழு உயிரோடுதான் இருக்கும். இங்கேதான் பலர் மனம் தளர்ந்து வேறு மருந்துக்கு ஓடுகிறார்கள். புழுவைப் பார்க்காதீர்கள், அதன் எச்சத்தைப் பாருங்கள். தெளிக்கும் மாலையில் கீழ் இலைகளில் கிடக்கும் பச்சை உருண்டைகளை ஈரத்துணியால் துடைத்துவிடுங்கள். இரண்டாம் நாள் அங்கே புதிய எச்சம் விழவில்லையென்றால் புழு தின்பதை நிறுத்திவிட்டது என்று பொருள். பிறகு அது மந்தமாகி, கருத்து, தளர்ந்து இலையில் தொங்கும்.

முட்டைகளை பி.டி. ஒன்றும் செய்யாது, புதிதாக விரிந்த இலையிலும் மருந்து இருக்காது. ஆகவே ஐந்து முதல் ஏழு நாட்களில் ஒரு முறை மறுபடி தெளிக்க வேண்டும். அதற்காக ஆண்டு முழுக்க வாரந்தோறும் தெளிக்காதீர்கள். வைரமுதுகுப் புழு இதற்கும் எதிர்ப்புத் திறன் வளர்த்துக்கொள்ளும். ஹவாய்த் தீவின் வயல்களில் அது நடந்ததை 1990இலேயே ஆய்வாளர்கள் பதிவுசெய்துவிட்டார்கள். புழு தென்படும்போது மட்டும் தெளியுங்கள்.

கறிவேப்பிலை, எலுமிச்சைச் செடிகளில் வரும் புழுக்களுக்கு மட்டும் இதைத் தெளிக்க வேண்டாம் என்று கேட்டுக்கொள்கிறேன். அவை பட்டாம்பூச்சியாகப் போகிறவை, எண்ணிக்கையும் குறைவு. வளர்ந்த மரமாக இருந்தால் விட்டுவிடுங்கள், சிறு செடியென்றால் நாலு இலை உள்ள கிளையோடு வேறிடம் மாற்றுங்கள்.

பின்னூட்டங்களுக்குப் பிறகு சேர்த்தவை

புழு ஆசையாகத் தின்னட்டும் என்று சிலர் நாட்டுச்சர்க்கரை சேர்க்கிறார்கள். பயன் உண்டு. ஆனால் எறும்பு மொய்த்துவிட்டது என்று ஒரு வாசகி எழுதியிருக்கிறார். எறும்புத் தொல்லை உள்ள மாடியில் சர்க்கரையைத் தவிர்த்துவிடுங்கள்.

பக்கத்தில் பட்டுப்புழு வளர்க்கிறார்கள், பி.டி. தெளிக்கலாமா என்று உடுமலைப் பக்கத்திலிருந்து ஒருவர் கேட்டது மிக முக்கியமானது. பக்கத்தில் மல்பெரித் தோட்டமோ பட்டுப்புழு வளர்ப்பு மனையோ இருந்தால் பி.டி.யைத் தொடவே தொடாதீர்கள். முதன்முதலில் இது கண்டுபிடிக்கப்பட்டதே செத்த பட்டுப்புழுவில்தான். காற்றில் போய் மல்பெரி இலையில் படியும் சாரல் ஒரு குடும்பத்தின் வருமானத்தையே அழித்துவிடும். தருமபுரி, ஓசூர் பக்கத்து நண்பர்களும் கவனிக்கவும்.

"பி.டி. பருத்தி என்கிறார்களே, அதுவா இது?" என்று பலர் கேட்கிறார்கள். பாக்டீரியா ஒன்றுதான். 2002இல் இந்தியாவில் அனுமதிக்கப்பட்ட பி.டி. பருத்தியில், இந்தப் பாக்டீரியாவின் மரபணுவைச் செடிக்குள்ளேயே புகுத்தியிருக்கிறார்கள். நாம் தெளிப்பதில் செடியின் மரபணு எந்த மாற்றமும் அடைவதில்லை, இயற்கை விவசாயிகளும் இதைப் பயன்படுத்துகிறார்கள்.

ஸ்பினோசாட் என்ற பூச்சிக்கொல்லி பற்றியும் கேட்டிருந்தீர்கள். அதுவும் மண் பாக்டீரியா தருவதுதான், ஆனால் வேறு இனம், வேறு வகை நஞ்சு. இலைப்பேனுக்குக்கூடக் கேட்கும். ஈரம் காயுமுன் தேனீ பட்டால் தேனீ செத்துவிடும் என்பதால், பூத்திருக்கும் செடியில் பகலில் அதைத் தெளிக்கவே கூடாது. புழு மட்டும்தான் பிரச்சினை என்றால் பி.டி. போதும்.

தாமரைத் தொட்டியில் கொசுப்புழுவுக்கு இதே தூளைப் போடலாமா என்பது கடைசிக் கேள்வி. போட்டுப் பயனில்லை. கொசுப்புழுவைக் கொல்வது 1976இல் இஸ்ரேலின் நெகேவ் பாலைவனத்தில் கண்டெடுக்கப்பட்ட இஸ்ரேலென்சிஸ் என்ற ரகம். அது தனியாக விற்கப்படுகிறது, மீனுக்கும் தீங்கில்லை. கடையில் கேட்கும்போது ரகத்தின் பெயரையும் சேர்த்துச் சொல்லி வாங்குங்கள்.