போன வருஷம் இடுப்பளவுதான் இருந்தது: காவிரியில் இறங்குகிறவர்கள் செய்யும் தவறுகள்

ஆற்றில் ஆள் போய்விட்டால் கரையில் நிற்பவர்கள் சொல்வது எந்த ஊரிலும் ஒன்றுதான்: “நல்லா நீச்சல் தெரிஞ்ச பையன். இதே துறையிலதான் வருஷா வருஷம் குளிப்பான்.” இரண்டுமே உண்மையாக இருக்கும். கிணற்றுக்கும் குளத்துக்கும் அந்தத் தகுதி போதும். கரூர் தாண்டிய காவிரிக்கும் கொள்ளிடத்துக்கும் போதாது. அங்கே படுகை முழுக்க மணல். ஒவ்வொரு வெள்ளமும் அதை ஓரிடத்தில் அள்ளி இன்னோரிடத்தில் கொட்டிவிட்டுப் போகிறது. போன ஆடியில் திட்டாக இருந்த இடம் இந்த ஆடியில் மடுவாகியிருக்கலாம். படித்துறையின் கல் மட்டும் இடம் மாறாமல் கிடப்பதால் ஆறும் அப்படியே இருப்பதாக நமக்குத் தோன்றுகிறது. கடைசிப் படிக்கு அப்பால் வைக்கும் ஒவ்வோர் அடியும் புது இடம்.

வெள்ளம் போதாதென்று மணல் அள்ளிய குழிகள் வேறு. கோடையில் போனால் கண்ணுக்குத் தெரியும். தண்ணீர் வந்தபின் மேலே எல்லாம் ஒரே மட்டமாக ஓடும். முழங்கால் தண்ணீரில் நடந்துகொண்டே இருப்பவர் அடுத்த அடியில் தலை மூழ்கிப் போவது இப்படித்தான். குழியின் விளிம்பு படிபோல நிற்காது. சரிவாக, உதிரி மணலாக இருக்கும். ஏற முயன்று கால் வைக்க வைக்க மணல் சரிந்து காலோடு கீழே வரும், ஆளை இன்னும் உள்ளே இழுக்கும். அங்கே நின்றபடி ஏறப் பார்ப்பதுதான் தவறு. உடம்பைக் கிடையாக்கி, வந்த திசை நோக்கித் தண்ணீரின் மேலாகவே காலால் அடித்து வர வேண்டும். வயிறு மணலைத் தொட்ட பிறகு எழுந்தால் போதும்.

ஆழத்தைக் கண்ணால் அளப்பதும் ஏமாற்றும். தெளிந்த தண்ணீரில், நேர் மேலிருந்து பார்த்தால்கூட 4 அடி ஆழம் 3 அடி போலத்தான் தெரியும். ஒளி வளைவதால் வரும் கோளாறு அது. சாய்வாகப் பார்த்தால் இன்னும் குறைவாகத் தோன்றும். கலங்கல் தண்ணீரில் பார்ப்பதற்கே ஒன்றுமில்லை. ஆறடி மூங்கில் கழி ஒன்று போதும். ஒவ்வோர் அடிக்கும் முன்னால் ஊன்றிப் பார்த்து, கழி இடுப்பளவுக்கு மேல் இறங்கினால் அங்கேயே நின்றுவிட வேண்டும். காலடியையும் கவனியுங்கள். வரிவரியாக, கெட்டியாக இருக்கும் மணல் நிற்கத் தோதானது. குதிகாலுக்கு அடியில் மணல் அரித்துக்கொண்டு ஓடி, நின்ற இடத்திலேயே கால் புதைந்தால் பின்வாங்குங்கள்.

ஆற்று வளைவில் எந்தக் கரையில் இறங்குவது என்பதில் பலர் தவறுகிறார்கள். வளைவின் வெளிப்பக்கம் தண்ணீர் வேகமாக மோதி, கரையைக் குடைந்து, செங்குத்தாக ஆழமாக்கியிருக்கும். உட்பக்கத்தில்தான் வேகம் தணிந்து மணல் படியும். மரநிழலும் நிற்க வாகான மேட்டுக்கரையும் பெரும்பாலும் வெளிப்பக்கமே அமைவதால் கூட்டம் அங்கேதான் சேர்கிறது.

பாலத்துக்கு அடியிலும் அப்படியே. நிழலுக்காகத் தூணோரம் குளிப்பவர்கள் அதிகம். தண்ணீர் தூணில் முட்டி, கீழ்நோக்கித் திரும்பி, அடி மணலைத் தோண்டி எடுக்கும். ஒவ்வொரு தூணைச் சுற்றியும் ஒரு பள்ளமும் அதற்கு மேலே சுழலும் இருக்கும் என்றே எடுத்துக்கொள்ளுங்கள். 2018 ஆகஸ்ட் வெள்ளத்தில் திருச்சியில் கொள்ளிடத்தின் பழைய இரும்புப் பாலத்தில் தூணே சரிந்தது. வெளியே தெரியாமல் அடிமணல் எந்த அளவுக்குப் பறிபோகும் என்பதற்கு அதைவிடச் சான்று வேண்டியதில்லை.

“முழங்கால் தண்ணிதானே”

ஆழம் குறைந்தால் ஆபத்து குறைந்தது என்று நினைப்பது அடுத்த தவறு. ஓடும் தண்ணீர் தள்ளும் விசை அதன் வேகத்தின் இருமடிக்கு ஏற்பக் கூடுகிறது. வேகம் இரட்டித்தால் தள்ளுவது நான்கு மடங்கு. சாதாரண நடை வேகத்தில், அதாவது வினாடிக்கு ஒரு மீட்டரில் ஓடும் முழங்கால் தண்ணீர் நம் இரண்டு கால்களையும் சேர்த்து ஏறத்தாழ 6 கிலோ எடையளவு தள்ளும். அதுவே வினாடிக்கு 2 மீட்டரானால் 24 கிலோ. இடுப்பளவுக்கு ஏறினால் அந்த வேகத்தில் 60 கிலோ. அதை எதிர்த்து நிற்க வழுக்குப் பாசியோ அரிக்கும் மணலோதான் பிடிமானம்.

வேகத்தை அளக்கக் கருவி வேண்டாம். கரையோரம் பத்து மீட்டரை அடியெடுத்து அளந்து இரு குறி வையுங்கள். மேற்குறிக்கு நேராக ஒரு காய்ந்த குச்சியைத் தண்ணீரில் போட்டு, கீழ்க்குறியைக் கடக்கும் வரை எண்ணுங்கள். பத்து வினாடிக்கு மேல் ஆனால் பெரியவர்கள் முழங்கால் வரை இறங்கலாம். ஏழு, எட்டுக்குள் போய்விட்டால் படியில் உட்கார்ந்து சொம்பால் மொண்டு ஊற்றிக்கொள்வதே சரி. நடுவில் இதைவிட வேகமாகவே ஓடும் என்பதையும் மறக்க வேண்டாம்.

மழை இங்கே பெய்ய வேண்டியதில்லை

வானம் வெளுத்துக் கிடக்கிறதே, வெள்ளம் எங்கிருந்து வரும் என்று கேட்பவர்கள் காவிரியைப் பாதிதான் அறிந்தவர்கள். மழை பெய்வது குடகிலும், கபினிக்கு வயநாட்டிலும். தண்ணீர் பிலிகுண்டுலு வழியாக மேட்டூர் வந்து, அங்கே 120 அடி நிரம்பியபின் வருவதெல்லாம் அப்படியே வெளியேறும். 2018, 2022, 2024 ஆகிய ஆண்டுகளில் ஜூலையிலேயே அணை 120 அடியைத் தொட்டது. அப்படியானால் ஆகஸ்ட் 2 அல்லது 3-ஆம் தேதி வரும் ஆடிப்பெருக்கின்போது ஆறு எந்நேரமும் கரைபுரளக்கூடிய நிலையில் இருந்தது என்று பொருள். காப்பரிசி, மஞ்சள் கயிறு, முளைப்பாரி என்று குடும்பம் குடும்பமாகப் படித்துறைக்கு வருகிற நாளும் அதுவே.

செய்தியில் சொல்லும் ‘கன அடி’யை ஒரு வெறும் எண்ணாகக் கேட்டுவிட்டுப் போகிறோம். ஒரு கன அடி 28.3 லிட்டர். வினாடிக்கு 10,000 கன அடி திறப்பு என்றால் ஒவ்வொரு வினாடியும் 12,000 லிட்டர் டேங்கர் லாரி இருபத்துமூன்றுக்கு மேல் கவிழ்ந்துகொண்டிருப்பதற்குச் சமம். பாசனத்துக்கு முதன்முதலாகத் திறக்கும் தண்ணீர் காய்ந்த படுகையில் ஊறி ஊறி மேட்டூரிலிருந்து கல்லணை சேர மூன்று, நான்கு நாள் ஆகும். நனைந்த படுகையில் வரும் வெள்ளம் அவ்வளவு தாமதிக்காது. மேட்டூருக்குக் கீழே செக்கானூர், நெரிஞ்சிப்பேட்டை, ஊராட்சிக்கோட்டை என்று வரிசையாகக் கதவணை மின்நிலையங்கள் உள்ளன. அவற்றின் இயக்கத்துக்கேற்ப, மழையோ வெள்ளமோ இல்லாத நாளில்கூட நீர்மட்டம் ஏறி இறங்கும்.

கொள்ளிடம் இன்னும் மோசமான ஏமாற்றுக்காரன். ஆண்டில் பெரும்பகுதி மணல்வெளி. கிரிக்கெட் ஆடலாம், ஆடு மேய்க்கலாம். முக்கொம்பில் காவிரி தாங்காத உபரியைத் திருப்பிவிடும் வடிகால் அது. திறந்தால் நடுத்திட்டில் நிற்பவருக்கும் கரைக்கும் இடையே உள்ள தாழ்வான ஓடைகள்தான் முதலில் நிரம்பும். திட்டு காய்ந்தே இருக்கும், திரும்பும் வழி போயிருக்கும். வாகனத்தைத் திட்டில் நிறுத்துவதும், இரவு அங்கே படுப்பதும் வேண்டவே வேண்டாம்.

ஆற்றோரம் போனதும் செய்ய வேண்டிய ஒரு சிறு வேலை உண்டு. நீர்விளிம்பில் ஒரு குச்சியை நட்டுவைத்துக் கால்மணிக்கு ஒருமுறை பாருங்கள். விளிம்பு குச்சியைத் தாண்டிவிட்டதா, தெளிந்த தண்ணீர் செம்பட்டையாகிறதா, நுரையும் வைக்கோலும் ஆகாயத்தாமரையும் கொத்தாக மிதந்து வருகிறதா? துணி உலர்த்தியதைக்கூட எடுக்க நிற்காமல் மேலேறுங்கள்.

தடுப்பணைக்குக் கீழே

பார்க்க அழகான இடம். இரண்டு, மூன்று அடி உயரத்திலிருந்து திரைபோலத் தண்ணீர் சமமாக விழும்; அருவியில் நிற்பதுபோல அதன் அடியில் போய் நிற்பார்கள். விழுந்த தண்ணீர் அடியில் போய், சற்றுத் தள்ளி மேலெழுந்து, அணையை நோக்கியே திரும்பி வருகிறது. ஒரு காலி பாட்டில் போகவும் மாட்டாமல் கரையேறவும் மாட்டாமல் ஒரே இடத்தில் உருண்டுகொண்டிருந்தால், ஆளுக்கும் அந்தக் கதிதான். நுரையில் காற்று கலந்திருப்பதால் மிதக்கவும் வராது.

உடையைப் பற்றிச் சுருக்கமாக. லுங்கியும் புடவையும் பாவாடையும் ஓட்டத்தில் காலைச் சுற்றும். அரைக்கால் சட்டை நல்லது. ஒகேனக்கல் பரிசலில் லைஃப் ஜாக்கெட்டை மாட்டிக்கொண்டு கிளிப் போடாமல் விடுவதால் பயனில்லை: தண்ணீரில் விழுந்ததும் அது முகத்துக்கு மேல் ஏறிக்கொள்ளும். பாலத்திலிருந்தோ பாறையிலிருந்தோ தலைகீழாகக் குதித்தால் உயிர் தப்பினாலும் கழுத்தெலும்பு முறிந்து கைகால் செயலிழக்கக்கூடும். குடித்துவிட்டு இறங்குவதைப் பற்றி எழுத ஒன்றுமில்லை.

ஒருவரைக் காப்பாற்றப் போய்

ஒரே குடும்பத்தில் மூன்று பேர், நான்கு பேர் என்று செய்தி வருவதற்குக் காரணம் முதலில் மூழ்கியவர் அல்ல, அடுத்தடுத்துக் குதித்தவர்கள். மூழ்குகிறவர் சினிமாவில் வருவதுபோலக் கத்திக் கையசைக்க மாட்டார். வாய் நீர்மட்டத்தில் இருக்கும், தலை பின்னால் சாயும், கைகள் பக்கவாட்டில் தண்ணீரை அழுத்தும், சத்தமே இராது. விளையாடுகிறான் என்று நினைத்துப் பார்த்துக்கொண்டிருக்கும் ஒரு நிமிடத்துக்குள் முடிந்துவிடும். அருகே போகிறவரின் தோளையும் கழுத்தையும் அவர் ஏணியாக்கிப் பிடித்து ஏறுவார். அது அவர் யோசித்துச் செய்வதல்ல.

நீந்திப் போவது கடைசி வழி. முதல் வழி நீட்டுவது: கரையில் குப்புறப் படுத்துக்கொண்டு கழி, புடவை, துண்டு எதையாவது நீட்டுங்கள். நின்றபடி நீட்டினால் இழுப்பில் நீங்களும் போவீர்கள். எட்டாவிட்டால் எறிவது. தலை மட்டும் மேலே நிற்க ஓர் ஆளுக்கு 4, 5 கிலோ மிதப்பு போதும். மூடி இறுக்கிய காலி 5 லிட்டர் கேனே அதைத் தந்துவிடும். சாப்பாட்டுப் பையோடு இப்படி ஒரு கேனும் 15 மீட்டர் நைலான் கயிறும் வந்தால் போதும். ஆளுக்கு நேராக எறியாதீர்கள், அவரைத் தாண்டி விழும்படி எறிந்து கயிறு அவர் மேல் படச் செய்யுங்கள். அவர் அடித்துப் போய்க்கொண்டிருப்பதால் நீங்களும் கரையோடு கீழ்ப்பக்கம் ஓடிக்கொண்டே எறிய வேண்டியிருக்கும். கயிற்றை உங்கள் இடுப்பிலோ மணிக்கட்டிலோ கட்டிக்கொள்ள வேண்டாம். கைகோத்துச் சங்கிலியாக இறங்குவதும் வேண்டாம். நடுவில் ஒருவர் கால் நழுவினால் மொத்தமும் போகும்.

அடித்துப் போகிறவர் நீங்களே என்றால் ஓட்டத்தை எதிர்த்து நீந்தாதீர்கள். மல்லாந்து, பாதங்களைக் கீழ்த்திசை பார்க்க வைத்து மிதந்தபடி, கரையை நோக்கிச் சாய்வாகத் தள்ளிக்கொண்டு போங்கள். பாறை ஆற்றில் வேகத்தின் நடுவே எழுந்து நிற்க முயன்றால் இடுக்கில் பாதம் சிக்கி, தண்ணீர் மேலிருந்து கவிழ்த்துவிடும்.

கரைக்குக் கொண்டுவந்தபின்

தலைகீழாகத் தூக்கிச் சுற்றுவது, வயிற்றை அமுக்கித் தண்ணீர் எடுப்பது இரண்டும் இன்னும் நடக்கின்றன. வயிற்றுத் தண்ணீர் வாந்தியாகி நுரையீரலுக்குள் போவதும், நேரம் வீணாவதும்தான் மிச்சம். ஒருவர் 108-ஐ அழைக்கட்டும். மல்லாக்கப் படுக்கவைத்து, பத்து வினாடிக்குள் மூச்சு இருக்கிறதா என்று பாருங்கள். இல்லையென்றால், தாடையை உயர்த்தி மூக்கைப் பிடித்து வாயோடு வாய் வைத்து முதலில் மூச்சு ஊதுங்கள், இரண்டிலிருந்து ஐந்து முறை. நீரில் மூழ்கியவருக்கு முதலில் தேவைப்படுவது காற்று. பிறகு நெஞ்சின் நடுவே இரு கைகளால் 5 செ.மீ. ஆழத்துக்கு, நிமிடத்துக்கு 100 முதல் 120 வேகத்தில், 30 அழுத்தம். மீண்டும் 2 மூச்சு. ஆம்புலன்ஸ் வரும்வரை ஆள் மாற்றி மாற்றித் தொடர வேண்டும்.

எழுந்து உட்கார்ந்து பேச ஆரம்பித்தாலும் காபி கொடுத்து வீட்டுக்குக் கூட்டிப்போகக் கூடாது. உள்ளே போன கொஞ்சத் தண்ணீரே சில மணி நேரம் கழித்து நுரையீரலை வீங்க வைத்து மூச்சைத் திணறடிக்கலாம். இருமல் நிற்காமல் இருந்தாலோ, உதடு நீலம் பாய்ந்தாலோ, சோர்ந்து தூங்கிப் போனாலோ இன்னும் அவசரம். ஆறு முதல் எட்டு மணி நேரம் மருத்துவமனையில் கண்காணிப்பில் வைத்து, மருத்துவர் சொன்னபிறகே வீட்டுக்குக் கூட்டிவர வேண்டும்.