கில்லட்டின் படம் எந்தக் காலத்தது என்று கண்டுபிடிப்பது எப்படி?

கில்லட்டின் என்பது உயரத்திலிருந்து அலகு விழுந்து தலையை வெட்டும் மரண தண்டனைப் பொறி. முதலில் அந்த அலகைப் பாருங்கள். கனத்த மரக்கட்டையின் அடியில் கோடரித் தலை பொருத்தியிருந்தால் அது இங்கிலாந்தின் ஹாலிஃபாக்ஸ் பொறி. 1650-க்குப் பிறகு அது யாரையும் வெட்டவில்லை. ஈயம் ஏற்றிய, விளிம்பு நேராக உள்ள அலகு என்றால், 1564-இல் எடின்பரோவில் செய்த ‘மெய்டன்’. அது இன்றும் ஸ்காட்லாந்து தேசிய அருங்காட்சியகத்தில் நிற்கிறது.

அலகு சரிவாக இருந்தால் பெரும்பாலும் பிரான்ஸ், அதுவும் 1792-க்குப் பிறகு. வடிவமைப்பை வகுத்தவர் அறுவை மருத்துவர் அந்துவான் லூயி. செய்தவர் ஹார்ப்சிகார்ட் இசைக்கருவி செய்யும் தோபியாஸ் ஷ்மித். 1792 ஏப்ரல் 25-இல் பாரிஸில் முதல் தலை விழுந்தது. பொறிக்குப் பெயர் வரக் காரணமான மருத்துவர் கில்லொத்தின் எல்லாருக்கும் ஒரே விதமான, வலி குறைந்த மரணம் வேண்டும் என்று 1789-இல் வாதாடியவர். பொறியை அவர் செய்யவில்லை, அதில் சாகவும் இல்லை. 1814-இல் நோயால் இறந்தார். சரிவு அலகு பதினாறாம் லூயி மன்னரின் யோசனை என்ற கதை பிற்காலத்தது. அதைப் படக்குறிப்பில் சேர்க்காதீர்கள்.

அடுத்து அடித்தளம். படிக்கட்டு வைத்த மேடை இருந்தால் பெரும்பாலும் 1870-க்கு முந்தையது. அந்த ஆண்டின் இறுதியில் மேடையை நீக்க ஆணை வந்தது. நேராகத் தரையில் நின்று, அலகைத் தாங்கும் கட்டைக்குச் சக்கரங்களும் அடியில் அதிர்ச்சி தாங்கும் ஸ்பிரிங்குகளும் இருந்தால் தச்சர் லியோன் பெர்ழே 1872-இல் திருத்திய வடிவம். கூட்டம் சூழ்ந்த உண்மைப் புகைப்படம் 1939 ஜூன் 17-க்குப் பிந்தையதாக இருக்க முடியாது. வெர்சாயில் அன்று நடந்ததுதான் பிரான்சின் கடைசிப் பகிரங்கத் தண்டனை. பிறகு சிறைக்குள்ளேயே, 1977 செப்டம்பர் 10-இல் மார்செய் வரை. 1981-இல் மரண தண்டனையே ஒழிந்தது.

உயரம் குறைந்த, பெரும்பாலும் இரும்பாலான சட்டம் ஜெர்மனியின் ‘ஃபால்பைல்’. இதைப் பிரெஞ்சுப் புரட்சிப் பொறி என்று போடுவது பெரிய அநியாயம். நாஜிகளை எதிர்த்துத் துண்டறிக்கை பரப்பிய மாணவி சோஃபி ஷோலை 1943 பிப்ரவரி 22-இல் மியூனிக்கில் கொன்றது இந்த வகைப் பொறிதான்.

அதிகம் பேர் ஏமாறுவது செதுக்கோவியங்களில். ஜெர்மன் ஓவியர் ஹைன்ரிக் ஆல்டெகிரேவர் 1553-இல் செதுக்கிய படத்தில், ரோமானியத் தளபதி டைட்டஸ் மான்லியஸின் மகன் இப்படியொரு பொறியின் கீழ் கிடக்கிறான். ரோமில் அந்தப் பொறி இருந்தது என்பதற்கு அது சான்றாகாது. பதினாறாம் நூற்றாண்டு ஜெர்மனியில் அப்படியொரு அமைப்பு மனத்தில் இருந்தது என்பதற்கு மட்டுமே சான்று. அதனால் ஒவ்வொரு படத்துக்கும் இரண்டு ஆண்டுகளைக் குறியுங்கள்: சம்பவம் நடந்தது ஒன்று, படம் வரையப்பட்டது இன்னொன்று.