ஓட்டைக் குடத்தில் ஒரு காமிக்ஸ்: நாலு கட்டத்தில் பஞ்சப்பாட்டு

படம் வரையத் தெரியாதே என்று தயங்க வேண்டாம். எனக்கும் கை விரல் வரைய வராது. அதனால் என் ஆட்கள் எப்போதும் எதையாவது பிடித்துக்கொண்டே இருப்பார்கள்.

முதலில் தாள். ஒரு பக்கம் அச்சான ஏ4 தாள் ஜெராக்ஸ் கடையில் சும்மாவே கிடைக்கும். நெடுக்கில் ஒரு மடிப்பு, குறுக்கில் ஒரு மடிப்பு. நாலு கட்டம் ரெடி, ஸ்கேல்கூட வேண்டாம்.

அடுத்து ஆள். வட்டத் தலை, கொண்டை, நைட்டி, தோளில் ஒரு துண்டு. வடசென்னை கொருக்குப்பேட்டையில் எந்தத் தெருவிலும் பார்க்கலாம். பேர் கமலாக்கா என்று வைத்துக்கொள்வோம். நாலு கட்டத்திலும் அந்தத் துண்டு மட்டும் மாறக் கூடாது. முகம் கோணினாலும் துண்டை வைத்து அடையாளம் கண்டுகொள்வார்கள்.

இனிதான் முக்கியமான வேலை, கதை. வறுமையை வரையாதீர்கள், அதைச் சமாளிக்கப் போடும் கணக்கை வரையுங்கள். அந்தக் கணக்கு எங்கே இடறுகிறதோ அங்கேதான் சிரிப்பு. 2019 கோடையில் புழல் ஏரி வறண்டு, தெருத்தெருவாகத் தண்ணி லாரிக்குக் காத்துக் கிடந்தோமே, அதிலிருந்து ஒன்று:

கட்டம் 1: விடிகாலை நாலு மணி. லாரி வரிசையில் இடம் பிடிக்க அக்கா அடி உடைந்த ஒரு குடத்தை வைக்கிறாள். "நல்ல குடத்த வெச்சா எவனாவது தூக்கினு பூடுவான்."

கட்டம் 2: வீட்டில் குறட்டை. வசனம் வேண்டாம்.

கட்டம் 3: ஹார்ன் சத்தம். தெருவே தூக்கக் கலக்கத்தில் வெறுங்கையோடு ஓடுகிறது.

கட்டம் 4: வரிசையில் இருபது குடம், இருபதும் அடி இல்லாதது. ஓஸ் பிடித்தவர் தண்ணியைத் திறந்துவிட்டுக் கேட்கிறார்: "இன்னாமே, தண்ணி உனுக்கா, தரைக்கா?"

இதை முதலில் வரைந்தபோது கடைசிக் கட்டத்தில் அக்காவை "நம்ம பொழப்பு இப்படி ஆயிடுச்சே" என்று அழவிட்டேன். டீக்கடையில் காட்டினேன். ஒருத்தரும் சிரிக்கவில்லை, ஒரு பெரியவர் மட்டும் எனக்கு டீ வாங்கிக் கொடுத்தார். அந்த வரியை அடித்துவிட்டேன்.

வசனத்தை முதலில் எழுதுங்கள், பேச்சுப் பலூனை அதைச் சுற்றி அப்புறம் போடுங்கள். பலூனை முதலில் போட்டால் தமிழ்ச் சொல் அதற்குள் அடங்காது. "என்ன செய்துகொண்டிருக்கிறாய்" கட்டத்தில் பாதியை விழுங்கிவிடும். "இன்னா பண்ற" மூலையில் உட்கார்ந்துகொள்ளும். நம்ம பாஷையில் மையும் மிச்சம். இடப்பக்கம் இருப்பவர்தான் முதலில் பேச வேண்டும். இல்லையென்றால் பதில் முந்திக்கொள்ளும்.

பென்சிலுக்கு மேல் கறுப்பு ஜெல் பேனா ஓட்டி, நன்றாகக் காய்ந்தபின் ரப்பர் போடுங்கள். பிறகு மொட்டைமாடி நிழலில் தாளை வைத்து, போனை நேர் மேலே பிடித்துப் படம் எடுங்கள். குண்டு பல்ப் வெளிச்சத்தில் தாள் மஞ்சளடிக்கும்.

எழுத்தின் புள்ளிகளை மட்டும் கொஞ்சம் தடித்தே வையுங்கள். என் முதல் படம் போனில் ஏறியபோது பாதிப் புள்ளி காணோம். தெரு முழுக்க 'அககா, அககா' என்று கூப்பிட்டுக்கொண்டிருந்தது.