பிராக் நகரை வழிகாட்டியோடு நடந்து பார்ப்பது எப்படி?

செக் குடியரசின் தலைநகரான பிராகுக்குப் போனால் முதல் நாள் காலையிலேயே ஒரு வழிகாட்டியோடு நடந்துவிடுங்கள். கடைசி நாளுக்கு வைத்துக்கொள்ளாதீர்கள். அந்த ஊரில் பாதி விஷயம் காலுக்குக் கீழேயும் தலைக்கு மேலேயும் இருக்கிறது. யாராவது கை நீட்டிக் காட்டினால்தான் கண்ணில் படும். ஒருமுறை காட்டிவிட்டால் அடுத்த நாட்களில் நீங்களாகவே பார்க்க ஆரம்பித்துவிடுவீர்கள்.

நான் இருப்பது ஜெர்மனியின் டிரெஸ்டனில். அங்கிருந்து ரயிலில் இரண்டரை மணி நேரத்துக்குள் பிராக் வந்துவிடும். ஊரிலிருந்து வரும் உறவுக்காரர்களைக் கூட்டிக்கொண்டு போவது வழக்கமாகிவிட்டது. போன கோடையில் திண்டுக்கல்லிலிருந்து பெரியம்மா வந்திருந்தார். வயது எழுபதுக்கு மேல், முழங்கால் வலி வேறு. ஆனால் எதையும் விடாமல் கேட்பவர். கீழே நான் சொல்வதில் நிறைய அவரோடு நடந்தபோது தெரிந்துகொண்டது.

முதலில் எந்த நடையைத் தேர்ந்தெடுப்பது? “மூன்று மணி நேரத்தில் முழு பிராக்” என்று விளம்பரம் செய்வார்கள். அதை எடுக்காதீர்கள். கோட்டை ஆற்றுக்கு அந்தப் பக்கம் மேட்டில் இருக்கிறது. பழைய நகரம் இந்தப் பக்கம். இரண்டையும் ஒரே மூச்சில் முடிக்கப் பார்த்தால் வழிகாட்டிக்கு நின்று பேச நேரம் இருக்காது. பழைய நகரம், யூதர் பகுதியான யோசெஃபோவ், சார்லஸ் பாலம், இந்த மூன்று மட்டும் உள்ள இரண்டரை மணி நேர நடை போதும். குழுவில் எத்தனை பேர் என்பதையும் பாருங்கள். பதினைந்துக்கு மேல் போனால் பின்னால் நிற்பவருக்குக் காது கேட்காது. விமர்சனங்களைப் படிக்கும்போது “அருமை, சூப்பர்” என்பவற்றைத் தள்ளிவிட்டு, வழிகாட்டி சொன்ன ஏதாவது ஒரு விஷயத்தை நினைவுவைத்து யாராவது எழுதியிருக்கிறார்களா என்று தேடுங்கள். அப்படி ஒருவர் எழுதியிருந்தால் அந்த வழிகாட்டியை நம்பலாம்.

பணம் கட்டிப் போகும் நடை உண்டு, “இலவச நடை” என்பதும் உண்டு. இலவசம் என்றால் முடிவில் நீங்கள் விரும்பியதைக் கொடுக்கலாம் என்று பொருள். ஆனால் வழிகாட்டிக்கு இது சம்பளமில்லாத வேலை. பல நிறுவனங்கள், வந்த ஆட்களைத் தலை எண்ணி அவரிடமிருந்தே ஒரு தொகையை வாங்கிக்கொள்கின்றன. நடுவில் நழுவிப் போகிறவரால் அவருக்குக் கைக்காசு நஷ்டம். நான் தலைக்கு 300 கொருனா (செக் நாட்டுப் பணம்) கொடுப்பேன். நன்றாகச் சொன்னால் கூடுதலாகவும் கொடுப்பேன். கிளம்ப வேண்டிய அவசரம் இருந்தால் முன்கூட்டியே சொல்லி, கையில் கொடுத்துவிட்டுப் போங்கள்.

அதற்கு 100, 200 கொருனா நோட்டுகளாக வைத்திருங்கள். நாட்டில் யூரோ கிடையாது, கொருனாதான். தெருவில் நின்று “நல்ல ரேட்” என்று கூப்பிடுகிறவரிடம் மாற்றவே கூடாது. செல்லாத வெளிநாட்டு நோட்டைக் கையில் திணித்துவிடுவார்கள். முறையான கடையிலும், எவ்வளவு கையில் வரும் என்று கேட்டுவிட்டுப் பணத்தைக் கொடுங்கள். ஏமாந்தது போலத் தோன்றினால், 1000 யூரோ வரையிலான மாற்றத்தை மூன்று மணி நேரத்துக்குள் ரத்து செய்ய 2019-லிருந்து சட்டமே இடம் கொடுக்கிறது. ரசீதைத் தூக்கிப் போடாதீர்கள்.

காலணி விஷயத்தில் நான் கொஞ்சம் கண்டிப்பு. தரை முழுக்கச் சின்னச் சின்னச் சதுரக் கல். மழை பெய்தால் வழுக்கும், வெயிலடித்தாலும் மட்டமாக இருக்காது. செருப்பு வேண்டாம். பெரியம்மா சேலையைக் கணுக்காலுக்கு மேல் ஏற்றிக் கட்டி, கீழே ஸ்போர்ட்ஸ் ஷூ போட்டுக்கொண்டார். அன்றைக்கு முழுக்க ஒரு இடத்திலும் தடுமாறவில்லை. குழாய்த் தண்ணீரைத் தாராளமாகக் குடிக்கலாம். ஒரு பாட்டிலில் பிடித்துக்கொள்ளுங்கள். பொதுக் கழிப்பறைக்குக் காசு கேட்பார்கள் என்பதால் சில்லறை வேண்டும். நடை தொடங்கும் முன்பே போய்விட்டு வருவது நல்லது, நடுவில் குழுவை விட்டுப் பிரிந்தால் சந்துகளில் மறுபடி பிடிப்பது கஷ்டம்.

சந்திக்கும் இடத்துக்குப் பத்து நிமிடம் முன்னதாகப் போங்கள். பெரும்பாலும் வெடிமருந்துக் கோபுரத்துக்குப் பக்கத்திலோ பழைய நகரச் சதுக்கத்திலோ கலர் குடையோடு நிற்பார்கள். முகவரி மட்டும் கொடுத்திருந்தால் ஒன்றைத் தெரிந்துகொள்ள வேண்டும். பிராக் வீடுகளில் இரண்டு எண் பலகைகள் இருக்கும். நீலப் பலகை அந்தத் தெருவில் எத்தனையாவது வீடு என்பதைச் சொல்லும். சிவப்பு, அந்தப் பகுதியின் பதிவேட்டில் உள்ள எண். தெருவில் வீடு தேடுகிறவர்கள் நீலத்தைத்தான் பார்க்க வேண்டும்.

நடக்கும்போது வழிகாட்டிக்குப் பின்னால் போகாமல் அவருக்குப் பக்கத்திலேயே நடந்து வாருங்கள். ஒரு இடத்திலிருந்து இன்னொரு இடத்துக்குப் போகும் அந்த நாலு நிமிடத்தில்தான் அவர் தன் பாட்டி பற்றியும், 1989-இல் கம்யூனிஸ்ட் ஆட்சி போன நாட்களைப் பற்றியும் சொல்வார். வயதானவர்கள் இருந்தால் தொடக்கத்திலேயே சொல்லிவிடுங்கள், உட்கார இடமுள்ள பக்கமாக நிறுத்துவார்கள்.

எல்லா நிறுத்தத்திலும் கேட்க ஒரு கேள்வி சொல்லித் தருகிறேன்: “இது கதையா, ஆவணமா?” நல்ல வழிகாட்டிக்கு இந்தக் கேள்வி ரொம்பப் பிடிக்கும். நடையே வேறு தரத்துக்குப் போய்விடும். வானியல் கடிகாரத்தையே எடுத்துக்கொள்ளுங்கள். ஹனுஷ் என்ற கைவினைஞர் அதைச் செய்தார், இன்னொரு ஊருக்கு இப்படி ஒன்று செய்துவிடக் கூடாது என்று நகர சபை அவர் கண்ணைக் குருடாக்கியது என்று சொல்வார்கள். அது கதை. 1410-இல் கடிகாரத்தைச் செய்தவர் கடான் ஊர் மிக்குலாஷ் என்பதற்கு ஆவணம் இருக்கிறது.

அந்தக் கடிகாரத்துக்கு முன்னால் காலை 9 முதல் இரவு 11 வரை மணிக்கு மணி கூட்டம் சேரும். எலும்புக்கூடு மணிக்கயிற்றை இழுக்கும், மேலே ஜன்னல்களில் இயேசுவின் பன்னிரண்டு சீடர்களின் பொம்மைகள் வந்துபோகும், ஒரு நிமிடத்துக்குள் முடிந்துவிடும். எல்லோரும் அண்ணாந்திருக்கும் அந்த நேரத்தில் பையைத் துழாவுகிறவர்களும் உண்டு. பையை முன்பக்கம் போட்டுக்கொள்ளுங்கள். என்னைக் கேட்டால், பொம்மைகள் போன பிறகு நின்று முகப்பைப் பார்க்க வேண்டும். அதில் ராசி வளையம் இருக்கிறது. சூரியன் இப்போது எந்த ராசியில் என்று முள் காட்டும். அவர்கள் கணக்கும் நம் பஞ்சாங்கக் கணக்கும் ஏறக்குறைய 24 பாகை தள்ளி நிற்கும், ஆகவே தேதியை ஒப்பிட்டுக் குழம்ப வேண்டாம். வெளிவளையத்தில் 1 முதல் 24 வரை பழைய எழுத்தில் எண்கள் உண்டு. சூரியன் மறையும் நேரத்திலிருந்து நாளை எண்ணும் பழைய செக் முறை அது. உள்ளே தங்கக் கோடுகள் பகலை மட்டும் பன்னிரண்டாகப் பங்கு போடும். கோடையில் ஒவ்வொரு பங்கும் நீளும், குளிர்காலத்தில் சுருங்கும். இதை வழிகாட்டி விளக்கியதும் பெரியம்மா, “நம்ம ராகுகாலம் மாதிரியேதான், பகலை எட்டாப் பிரிப்போம், இவங்க பன்னிரண்டாப் பிரிக்கிறாங்க” என்றார். நான் மொழிபெயர்த்தேன். வழிகாட்டி ராகுகாலம் பற்றி விவரமாகக் கேட்டுக்கொண்டு நின்றுவிட்டார், குழு முழுவதும் காத்திருந்தது.

அங்கிருந்து சில அடி தள்ளி, கடிகாரம் இருக்கும் நகர மன்றக் கோபுரத்தின் கிழக்கே தரையைப் பாருங்கள். கல்லில் 27 வெள்ளைச் சிலுவைகள் பதித்திருக்கும். ஆயிரக்கணக்கானவர்கள் அவற்றின் மேலேயே நடந்து போகிறார்கள். ஹாப்ஸ்பர்க் பேரரசரை எதிர்த்த பொஹீமியப் படை (பொஹீமியா இன்றைய செக் நாட்டின் மேற்குப் பகுதி) 1620-இல் வெள்ளை மலைப் போரில் தோற்றது. அடுத்த ஆண்டு ஜூன் 21 அன்று அந்த எதிர்ப்பின் தலைவர்கள் 27 பேரை இந்த இடத்தில் கொன்றார்கள். அதில் பன்னிரண்டு பேருடைய தலைகளைச் சார்லஸ் பாலத்துக் கோபுரத்தில் பத்தாண்டுகள் தொங்கவிட்டிருந்தார்கள். ஒரு மணி நேரம் கழித்து நீங்கள் அதே கோபுரத்துக்கு அடியில்தான் நிற்பீர்கள். பக்கத்தில் மரங்களும் புல்லும் உள்ள வெற்றிடத்தைப் பற்றியும் கேளுங்கள். 1945 மே மாதம், போரின் கடைசி நாட்களில் எரிந்துபோன நகர மன்றத்தின் ஒரு பகுதி அங்கே நின்றது. திரும்பக் கட்டவே இல்லை.

யோசெஃபோவ் போகும் நாளைச் சரியாகத் தேர்ந்தெடுக்க வேண்டும். சனிக்கிழமைகளிலும் யூதப் பண்டிகை நாட்களிலும் அருங்காட்சியகம் மூடியிருக்கும். நடைக் கட்டணத்தில் பெரும்பாலும் உள்ளே போகும் சீட்டு சேராது. வழிகாட்டி வெளியில் நின்றே சொல்வார். தெருக்கள் பாரிஸ் மாதிரி அகலமாக இருக்கின்றனவே, யூதர்கள் அடைந்து கிடந்த இடம் இதுவா என்று தோன்றும். 1890-களிலிருந்து பழைய சந்துகளை இடித்துப் புதிதாகக் கட்டியதால் வந்த தோற்றம் இது. மிச்சமிருப்பவை சில தொழுகைக் கூடங்கள், யூத நகர மன்றம், கல்லறைத் தோட்டம் போன்றவைதான். இடம் போதாமல் மண்ணைக் கொட்டி அடுக்கடுக்காகப் புதைத்த தோட்டம் அது. கற்கள் ஒன்றன்மேல் ஒன்று சாய்ந்து நிற்கும். நடை முடிந்ததும் கட்டாயம் சீட்டு வாங்கிப் பின்காஸ் தொழுகைக் கூடத்துக்குள் போய்விட்டு வாருங்கள். நாஜிகள் கொன்ற பொஹீமிய, மொராவிய (செக் நாட்டின் கிழக்குப் பகுதி) யூதர்கள் ஏறக்குறைய 78,000 பேரின் பெயர்கள் சுவர்களில் கையால் எழுதப்பட்டிருக்கின்றன. அங்கே கேமராவை எடுக்க வேண்டாம். ஆண்கள் தலையை மூட வேண்டும், ஒரு தொப்பி கொண்டுபோங்கள்.

ஆற்றங்கரைக்கு வந்தால் ஜான் பாலக் சதுக்கம். சோவியத் படைகள் நாட்டுக்குள் புகுந்ததை எதிர்த்து 1969 ஜனவரியில் தன்னையே எரித்துக்கொண்ட மாணவர் அவர். அங்கே நிற்பது அவர் படித்த சார்லஸ் பல்கலைக்கழகக் கலைப்புலம். அந்தப் பல்கலைக்கழகத்தில்தான் கமில் சுவெலபில் தமிழும் திராவிட மொழியியலும் கற்பித்தார். பிராகிலேயே பிறந்த செக்காரர், தமிழ் இலக்கிய வரலாற்றை உலகத்துக்கு எடுத்துச் சொன்னவர்களில் முதல் வரிசைக்காரர். 1968 படையெடுப்புக்குப் பின் அவரும் நாட்டை விட்டு வெளியேறினார். எந்த வழிகாட்டியும் இதைச் சொல்லி நான் கேட்டதில்லை. நாம்தான் சொல்ல வேண்டும். ஒவ்வொரு முறையும் சொல்கிறேன்.

சார்லஸ் பாலத்திலும் அதே கேள்வியைக் கேளுங்கள். 1357-ஆம் ஆண்டு ஒன்பதாம் தேதி ஏழாம் மாதம் 5 மணி 31 நிமிடத்துக்கு அடிக்கல் நாட்டினார்கள், ஒற்றைப்படை எண்கள் 1-3-5-7-9-7-5-3-1 என்று ஏறி இறங்கும்படி ஜோதிடர்கள் குறித்த நேரம் அது என்பார்கள். ஆண்டு 1357 உறுதி, அந்த நிமிடக் கணக்கு பிற்காலத்தில் சேர்ந்தது. சிலைகளில் பெரும்பாலானவை நகல்கள், மூலங்களை அருங்காட்சியகத்துக்குக் கொண்டுபோய்விட்டார்கள். பாலத்துக்காக மட்டும் மறுநாள் காலை ஆறரை மணிக்குத் திரும்ப வாருங்கள். பத்து மணிக்கு மேல் தோளோடு தோள் இடிக்கும்.

நடை முடிந்து காசைக் கொடுக்கும்போது, “நீங்கள் மதியம் எங்கே சாப்பிடுவீர்கள்?” என்று கேளுங்கள். சதுக்கத்திலிருந்து மூன்று தெரு தள்ளி ஏதாவது ஒரு பெயர் வரும். வார நாட்களில் வாசலில் மதியச் சாப்பாட்டுப் பலகை வைத்திருப்பார்கள்: ஒரு சூப்பு, ஒரு தட்டு, பாதி விலை. சைவம் வேண்டுமென்றால் பொரித்த சீஸும் உருளைக்கிழங்கும் ஏறக்குறைய எல்லா இடத்திலும் கிடைக்கும்.

கோட்டையை அடுத்த நாளுக்கு வையுங்கள். 22-ஆம் எண் டிராமில் மேலே போய்விட்டு இறங்கி வருவதுதான் முழங்காலுக்கு நல்லது, ஏறப் பார்க்காதீர்கள். பெரிய பை வேண்டாம். இறங்கும்போது நெருடோவா தெரு வழியாக வாருங்கள். வீட்டு எண்கள் வருவதற்கு முந்தைய காலத்து அடையாளங்கள் வாசல்களுக்கு மேல் அப்படியே இருக்கின்றன: மூன்று வயலின், இரண்டு சூரியன், தங்க லாடம். இதற்கு வழிகாட்டி தேவைப்படாது.