தூக்க மாத்திரை நச்சும் மறுவருகைக் குறியீடும்: தவிர்க்க வேண்டிய தவறுகள்

கிருஷ்ணகிரியில் மெடிக்கல் கோடிங், அதாவது நோயாளியின் சார்ட்டைப் படித்து நோய்க்கும் சிகிச்சைக்கும் உரிய குறியீடு போடும் வேலை, சொல்லிக்கொடுக்கிறேன். ஊத்தங்கரையிலிருந்தும் பர்கூரிலிருந்தும் நர்சிங், பி.பார்ம், விலங்கியல் முடித்தவர்கள் வருகிறார்கள். படிப்பது இங்கே, குறியிடப்போவது அமெரிக்க மருத்துவமனைகளின் சார்ட்டுகளுக்கு. எண்ணை மாற்றித் தட்டுவது, எழுத்தை விட்டுவிடுவது போன்றவற்றைப் பற்றி இங்கே எழுதப்போவதில்லை. அவற்றை மென்பொருளே பிடித்துக்கொடுத்துவிடும். செல்லுபடியாகும் குறியீடாகவே இருந்துகொண்டு பொய் சொல்லும் தவறுகளை எந்த மென்பொருளும் பிடிக்காது.

மறுவருகை என்று கண்டதும் ‘டி’ போடுவது

எத்தனை தொகுதி மாணவர்கள் வந்தாலும் இது மட்டும் மாறுவதில்லை. எனக்கு எரிச்சல் வருவதும் இதில்தான்.

அமெரிக்காவின் நோய்க்குறியீட்டு முறையான ஐசிடி-10-சிஎம்மில், மருந்து நஞ்சானதைச் சொல்லும் நச்சுக் குறியீட்டின் 7ஆம் எழுத்து மூன்றில் ஒன்று: சிகிச்சை முனைப்பாக நடக்கும்போது ‘ஏ’, அது முடிந்து தேறிவரும் கட்டத்தில் ‘டி’ (D), பிற்காலப் பாதிப்புக்கு ‘எஸ்’. இதை எல்லோரும் ஒப்பிப்பார்கள். சார்ட்டைக் கையில் கொடுத்தால்தான் குட்டு வெளிப்படும்.

வகுப்பில் ஒரு பயிற்சி சார்ட் கொடுப்பேன். பென்சோடையசிபைன் மாத்திரைகளை வேண்டுமென்றே உட்கொண்ட பெண். சிறிய மருத்துவமனையின் அவசரப் பிரிவில் முதலுதவி. அன்றிரவே பெரிய மருத்துவமனைக்கு மாற்றம். தீவிர சிகிச்சைப் பிரிவில் செயற்கைச் சுவாசம். நாம் குறியிட வேண்டியது இரண்டாவது மருத்துவமனையின் சார்ட்டை. பாதி வகுப்பு ‘டி’ போடும். கேட்டால், “முதல் மருத்துவமனையில்தான் ஏற்கெனவே பார்த்துவிட்டார்களே சார்” என்று பதில் வரும்.

பாலக்கோடு அரசு மருத்துவமனையிலிருந்து 108இல் ஏற்றித் தருமபுரி மருத்துவக் கல்லூரி மருத்துவமனைக்கு அனுப்பப்படும் நோயாளிக்குப் பாலக்கோட்டிலேயே சிகிச்சை முடிந்துவிட்டதா என்ன? மருத்துவமனை மாறியது, மருத்துவர் மாறினார், தேதிகூட மாறியிருக்கலாம். நச்சுக்கான சிகிச்சை ஓடிக்கொண்டுதான் இருக்கிறது. ஆகவே ‘ஏ’. மருத்துவர் நோயாளியை முதன்முறை பார்க்கிறாரா என்பது கணக்கில்லை, முனைப்பான சிகிச்சை நடக்கிறதா என்பதே கணக்கு என்று அதிகாரபூர்வ வழிகாட்டியே தெளிவாகச் சொல்கிறது. அந்தப் பத்தியைப் படிக்காமல்தான் பலரும் தேர்வுக்கே போகிறார்கள்.

இதே தவறு தலைகீழாகவும் நடக்கும். வீடு திரும்பிய பெண் அடுத்த வாரம் குடும்ப மருத்துவரிடம் போகிறாள். மயக்கம் தெளிந்துவிட்டது, மருத்துவர் நலம் விசாரித்து, பரிசோதித்து அனுப்புகிறார். “புது மருத்துவர், முதல் வருகை” என்று இங்கே ‘ஏ’ போடுகிறார்கள். தேறிவிட்டவளுக்கு மறுபடி நச்சு சிகிச்சை நடந்ததாகக் காப்பீட்டு நிறுவனத்துக்குக் க்ளெய்ம் போகிறது. அது திரும்பி வந்தால் ஆடிட்டர் கேட்பது குறியிட்டவரைத்தான். அவளுடைய பதிவிலோ முயற்சி இரண்டு முறை நடந்ததுபோல் நின்றுவிடுகிறது.

மனநலப் பிரிவுக்கு மாற்றப்பட்ட சார்ட்தான் உண்மையிலேயே கடினம். அங்கே நடப்பது மனச்சோர்வுக்கான சிகிச்சை மட்டுமா, நச்சின் பாதிப்பையும் இன்னும் கவனிக்கிறார்களா என்று செவிலியர் குறிப்புவரை படிக்க வேண்டும். தெளிவில்லையென்றால் மருத்துவருக்குக் கேள்வி அனுப்புங்கள். ஊகித்துப் போடுவதற்கு நமக்குச் சம்பளம் தரவில்லை.

நோக்கத்தைத் தொலைப்பது

மறுவருகைக் குறிப்பில் பெரும்பாலும் “மாத்திரை அளவு மீறல், இப்போது நலம்” என்று மட்டும் இருக்கும். நோக்கம் சொல்லப்படாவிட்டால் தற்செயல் என்று கொள்வதே விதி. அந்த விதியைப் பிடித்துக்கொண்டு, குறியீட்டில் வேண்டுமென்றே செய்ததைக் குறிக்கும் 2ஐ விட்டு, தற்செயலைக் குறிக்கும் 1ஐப் போட்டுவிடுகிறார்கள். அதே குறிப்பின் பழைய வரலாற்றுப் பத்தியில் மருத்துவர் தற்கொலை முயற்சி என்று எழுதியிருப்பார். அதுவரை கண் போயிருக்காது. ‘தீர்மானிக்க இயலாதது’ என்ற 4, நோக்கத்தைத் தீர்மானிக்க முடியவில்லை என்று மருத்துவரே எழுதினால் மட்டும்.

எல்லாத் தூக்க மாத்திரையும் ஒன்றென்று நினைப்பது

பார்பிட்டுரேட் டி42.3 (இந்த டி ஆங்கில T), பென்சோடையசிபைன் டி42.4, சோல்பிடெம் டி42.6. பெயரே தெரியாத தூக்க மருந்து டி42.7. இந்தக் கடைசியில் ஒரு வழுக்கல் உண்டு. டி42.4இல் இடம் நிரப்பும் எக்ஸ் முதலில், நோக்கத்தின் 2 பிறகு. டி42.7இல் 2 முதலில், எக்ஸ் பிறகு. குறியீட்டுப் புத்தகத்தின் மருந்து அட்டவணையோடு நிற்காமல் எண்வரிசைப் பட்டியலையும் திறந்து பாருங்கள்.

எக்ஸ்61 சேர்ப்பது

தூக்க மருந்து போன்றவற்றை வேண்டுமென்றே உட்கொண்டதைச் சொல்லும் இந்தத் தனிக் குறியீட்டைச் சேர்ப்பது, நம் ஊர் மருத்துவமனைப் பதிவேட்டுப் பிரிவில் வேலை பார்த்துவிட்டு வருபவர்களின் பழக்கம். அது உலக சுகாதார நிறுவனத்தின் ஐசிடி-10. அமெரிக்கப் பதிப்பில் நோக்கம் நச்சுக் குறியீட்டுக்குள்ளேயே அடங்கிவிட்டது.

பின்பராமரிப்பு இசட் குறியீடு

சிகிச்சைக்குப் பிந்தைய கவனிப்பைச் சொல்லும் இசட் (Z) குறியீடு நச்சுக்குக் கூடாது. 7ஆம் எழுத்தான ‘டி’ அதற்காகத்தான் இருக்கிறது.

‘எஸ்’ஐ முதலில் எழுதுவது

ஆக்ஸிஜன் குறைவால் மூளை பாதிக்கப்பட்டு, மாதங்கள் கழித்து அதற்காக வருகிறார் என்றால் அந்த மூளைப் பாதிப்புக்கான ஜி93.1 முதலில், ‘எஸ்’ சேர்ந்த நச்சுக் குறியீடு அடுத்து.

பழைய இசட்91.5

முயற்சி வெறும் பழைய வரலாறாகிவிட்டால் இசட்91.51. 2021 அக்டோபர் 1 முதல் இசட்91.5 தனியாகச் செல்லாது. பழைய புத்தகத்தைப் பாதி விலைக்கு வாங்கியவர்கள் மாட்டிக்கொள்வது இங்கேதான்.

சார்ட்டைப் படித்துவிட்டு மனத்தில் சுமப்பது

நாள் முழுக்க இவற்றையே படித்தால் யாருக்கும் கனக்கும். சிலருக்கு வீட்டிலேயே இப்படி நடந்திருக்கும். தயங்காமல் மேலாளரிடம் வேறு சார்ட் கேளுங்கள். பேச ஆள் வேண்டுமென்றால் அரசின் மனநல உதவி எண்ணான டெலி மானஸ் 14416, எந்த நேரமும் தமிழிலேயே பேசலாம்.